எண்பதர் கூப்பிட்ட இடாப்பு

ஒரு முழுச் சாம்ராச்சியத்தின் பட்டாளத்தையும் மத்தியானச் சாப்பாட்டுப் பெட்டியோடு சேர்த்துக் காவிக்கொண்டு ஸ்காபரோவில் பஸ் ஏறியவர், எனக்குத் தெரிந்து, எண்பதர் ஒருவர்தான்.

பட்டப்பெயரைக் கேட்டுப் பலர் ஏமாந்திருக்கிறார்கள். தொழிற்சாலைக்குப் புதிதாக வருகிறவர்கள் ஒரு தொண்டுக் கிழவரை எதிர்பார்ப்பார்கள். அவருக்கோ நாற்பத்தைந்து வயது, கன்னங்கரிய மீசை. பஸ் நின்றுகொண்டிருந்தாலும் ஓடிப்போய்த்தான் ஏறுவார். எண்பது என்பது அவருடைய வயதல்ல. அதற்குப் பிறகு வருகிறேன்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. உடுப்புக் கடைகளில் ஆளுயரத்துக்கு நிற்குமே பொம்மைகள், அவற்றைச் செய்கிற தொழிற்சாலையில் எங்களுக்கு வேலை. ஒரு மேசையில் கைகளாகக் கிடக்கும், ஒரு கூடையில் தலைகளாகக் கிடக்கும். "இன்றைக்கு இருபது இடதுகை குறையுது" என்று தேங்காய் குறைவது மாதிரிச் சொல்வார்கள். விரல் இடுக்குகளைச் சாண்ட் பேப்பரால் தேய்த்து வழுவழுப்பாக்குவது என் வேலை. எதிரே இருந்து அதையே செய்தவர் எண்பதர்.

கனடாவுக்கென்று வெளிக்கிட்டவரை ஏஜென்ட் மொஸ்கோவில் இறக்கிவிட்டு மாயமானான். அவர் இறங்கிய சில மாதத்தில் சோவியத் யூனியன் உடைந்தது. தட்டுத்தடுமாறி எல்லைகள் தாண்டிச் செக்கோஸ்லோவாக்கியாவில் பிடிபட்டார். அவர் அங்கே இருக்கும்போதே அதுவும் இரண்டானது. கடைசியில் கனடாவுக்கு வந்து சேர்ந்தார். கியூபெக் பிரிந்துபோவதா இல்லையா என்று வாக்கெடுப்பு வந்தது. எங்கள் சுப்பர்வைசர் செம்பட்டைத் தலை ஸ்கொட்லாந்துக்காரர். அன்று காலை எண்பதரைத் தனியே கூப்பிட்டு, வேறு நாடு எதற்காவது போகிற யோசனை உண்டா என்று மிகவும் பணிவாக விசாரித்தார்.

பிடிபட்ட ஊரில் அவரையும் வேறு முப்பத்தொன்பது பேரையும் ஒரு பழைய பட்டாள முகாமில் அடைத்துவைத்தார்கள். ஒஸ்திரிய-ஹங்கேரிய சாம்ராச்சியம் முதலாம் உலகப்போருக்கு ஆள் அனுப்பிய கட்டடம் அது. சுவர் முழுக்கச் சுண்ணாம்புக்குக் கீழே மங்கலாகப் பெயர்கள். போர்முனைக்குப் போகமுன் சிப்பாய்கள் கத்திமுனையால் கீறிவிட்டுப் போனவை. ஏழு மாதம் செய்வதற்கு ஒன்றுமில்லாததால் எண்பதர் அந்தப் பெயர்களைப் பாடமாக்கினார். கொதிகலன் மூட்ட வந்த ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர் எழுத்துக்கூட்டி வாசித்துக் காட்டினாராம். சரித்திரமும் அவர் ஊட்டியதுதான்.

"பதினொரு பாஷை கதைச்ச பட்டாளம் தம்பி," என்பார் எண்பதர். "பொஸ்னியா முஸ்லிம் பெடியளுக்குச் சிவப்புத் தொப்பி, தொழுவிக்கத் தனி மௌலவி. மேலை ஒரு கிழட்டுச் சக்கரவர்த்தி. கட்டளை மட்டும் ஜேர்மன். சிப்பாய் எண்பது ஜேர்மன் சொல்லைப் பாடமாக்கினால் காணும். மிச்சக் கதைக்கு அதிகாரிதான் சிப்பாயின்ரை பாஷையைப் படிக்கவேணும்."

"பிறகு ஏன் அண்ணை விழுந்தது?"

"அதிகாரிமாருக்குப் படிக்கப் பஞ்சி, சோம்பல்."

சரித்திரப் பேராசிரியர்கள் இதை ஒப்புக்கொள்வார்களோ தெரியாது. எண்பதர் எங்கள் தொழிற்சாலையில் பரீட்சித்துப் பார்த்தார். தூக்கு, வை, கவனம், நில், முடிந்தது, மன்னிக்கவும் என்று எண்பது ஆங்கிலச் சொற்களை ஒரு காட்போட் மட்டையில் எழுதிக் கைகழுவுகிற தொட்டிக்கு மேலே தொங்கவிட்டார். சுப்பர்வைசர் இதற்குள்ளேதான் கத்தவேண்டும், மேலதிகமாகக் கத்துவதென்றால் தமிழில் கத்தவேண்டும் என்று நிபந்தனை. மனுசன் முதலில் சிரித்தார். இரண்டு மாதத்தில் அவசரத்துக்கு "கெதியா, கெதியா", நிறுத்த "பொறு, பொறு" என்று ஸ்கொட்லாந்து நாக்கால் குளறிக்கொண்டு திரிந்தார். பட்டப்பெயரும் அன்று ஒட்டியதுதான்.

இந்த மனிதருக்கு விசர் பிடித்திருக்கிறது என்று நான் முடிவுகட்டியிருந்தேன். ஆனாலும் அவர் சொன்ன ஒரு கதையை வீட்டுக்குக் கொண்டுபோனால் முதுகு குளிர்ந்தது.

"மத்தியானம் மூண்டு மணிக்குக் காவலாளி வந்து எங்களை எண்ணுவான். நாங்கள் நாப்பது பேர். சில நாளைக்கு நாப்பத்தொண்டு வரும்."

"பிழையா எண்ணியிருப்பான்."

"ரெண்டாந்தரமும் எண்ணுவான். நாப்பத்தொண்டுதான். பேசாமல் நாப்பது எண்டு எழுதிப்போட்டுப் போயிடுவான். கூடினால் அவனுக்கென்ன? குறைஞ்சால்தானே பிரச்சினை. எங்கள் எல்லாருக்கும் றப்பர்ச் செருப்பு, தம்பி. காவலாளி போனபிறகும் விறாந்தையிலை சப்பாத்துச் சத்தம் கேக்கும்."

"அந்த நாப்பத்தோராவது ஆளை நீங்கள் பாத்தனீங்களோ?"

"எனக்குப் பின்னாலை நிண்டிருக்கவேணும். நான் திரும்பேல்லை."

"பயமோ?"

"அற்றென்ஷனிலை நிண்டனான்."

தினமும் மூன்று மணிப் பிரேக்குக்கு நாங்கள் தேத்தண்ணி குடிப்போம். எண்பதர் மட்டும் அனுப்புகிற மண்டபத்துக்குப் போவார். முடிந்த பொம்மைகள் அங்கே கழுத்துவரை பிளாஸ்டிக் சுற்றி வரிசை வரிசையாக நிற்கும். எல்லாம் ஒரே பக்கம் பார்க்கும். அவற்றின் முன்னால் நின்று, பள்ளிக்கூடத்தில் இடாப்புக் கூப்பிடுவதுபோல் சுவர்ப் பெயர்களை ஒவ்வொன்றாகக் கூப்பிடுவார். மறந்துபோய்விடும் என்று பயமாம். சுவரைப் பார்த்துக் கூப்பிட்டால் விசரன் என்பார்களாம், பொம்மைக்கு முகமாவது இருக்கிறதாம். ஒவ்வொரு பெயருக்குப் பிறகும் ஒரு மூச்சு விடுகிற நேரம் பொறுப்பார். கூப்பிட்ட ஆள் "ஹியர்" என்று பதில் சொல்வதற்கான நேரம் அது. இங்கே இருக்கிறேன் என்று அர்த்தம், ஜேர்மனிலும் ஆங்கிலத்திலும் ஒரே மாதிரித்தான் ஒலிக்கும், பட்டாளத்தின் எண்பது சொல்லில் அதுவும் ஒன்று. சும்மா வேடிக்கை பார்க்கப்போன நான், சில நாட்களின் பின் அந்த இடைவெளியில் காதைத் தீட்டிக்கொண்டு நிற்பதைக் கண்டு எனக்கே வெட்கமாகப் போனது.

வாக்கெடுப்பு முடிந்து ஒரு கிழமை இருக்கும். ஏரியிலிருந்து எழும்பிய பனிப்புகார் கூரைக் கண்ணாடியை மூடியிருந்தது. மண்டபம் முழுக்கச் சாம்பல் வெளிச்சம். கையில் தேத்தண்ணியோடு வாசலில் நான். பக்கத்தில் சுப்பர்வைசர். உள்ளே இடாப்பு நடக்கிறது.

"ஹ்னாத் சொறோகா," என்றார் எண்பதர். வழக்கம்போலப் பொறுத்தார்.

"ஹியர்!"

பொம்மைகளுக்குள் இருந்து வந்தது. கரகரத்த, உரத்த குரல்.

என் தேத்தண்ணி என் சப்பாத்துக்குள்ளே போனது. சுப்பர்வைசர் சிலுவை போட்டுக்கொண்டு "பொறு, பொறு" என்றார், யாரிடம் என்று தெரியாமல். எண்பதர் ஓடவில்லை. நிமிர்ந்து நின்று நெற்றியில் கைவைத்துச் சல்யூட் அடித்தார். பிறகு அப்படியே தரையில் குந்திவிட்டார்.

கடைசி வரிசையில் பிளாஸ்டிக் சரசரத்தது. தூரிகையும் கையுமாக ஒல்கா வெளியே வந்தார். பொம்மைகளுக்குக் கண்ணும் உதடும் வரைகிற உக்ரேனியப் பெண்மணி, அறுபதைத் தாண்டியவர். "குட் மோர்னிங்" தவிர அவர் வேறெதுவும் பேசி நாங்கள் கேட்டதில்லை.

"நான் சொல்லவில்லை," என்றார் உடைந்த ஆங்கிலத்தில். "என் வாய் சொன்னது."

ஹ்னாத் சொறோகா அவருடைய தாயின் தகப்பன். அவர்களின் ஊரையும் ஆண்ட அந்தச் சாம்ராச்சியம் அவரைப் போருக்குக் கூப்பிட்டபோது, முற்றத்தில் நின்று அந்த ஒரு ஜேர்மன் சொல்லைப் பழகினாராம். நாலு வயது மகளும் பின்னால் நின்று சேர்ந்து கத்துவாளாம். போனவர் திரும்பவில்லை. செத்துப்போனதாகக் கடிதமும் வரவில்லை. அதன்பிறகு அந்த வீட்டில் ஒரு சட்டம். அவர் பெயரை யார் சொன்னாலும் கேட்கிறவர் உடனே "ஹியர்" சொல்லிவிட வேண்டும். சொல்லாவிட்டால் ஆள் இல்லையென்று எழுதிவிடுவார்கள்.

"அம்மா இன்னும் உயிரோடு இருக்கிறார்," என்றார் ஒல்கா. "நீ அவரை எங்கே கண்டாய் என்று வந்து சொல்லுவாயா?"

எண்பதர் தரையில் இருந்தபடியே தலையாட்டினார்.

ஞாயிறு மத்தியானம் என் பழைய காரில் பிக்கரிங்கில் இருந்த முதியோர் இல்லத்துக்குப் போனோம். பாதி வழியில் எண்பதர் வாயைத் திறந்தார்.

"தம்பி, ஒரு பிழை நடந்துபோச்சு."

"என்ன அண்ணை?"

"அந்தப் பேர் சுவரிலை இல்லை."

முன்னால் போன லொறியில் முட்டப் பார்த்தேன்.

"இருநூற்றுப் பன்ரண்டு பேர் எனக்குப் பாடம். பத்துத்தரம் சொல்லிப் பாத்திட்டன், சொறோகா எண்டு ஒருத்தரும் இல்லை. அண்டைக்கு ஒண்டு கூடக் கூப்பிட்டிருக்கிறன். எங்கையிருந்து வந்தது எண்டு கடவுளாணை எனக்குத் தெரியாது."

"அப்ப ஏன் வாறன் எண்டு தலையாட்டினீங்கள்?"

"அந்த மனிசியின்ரை முகத்தைப் பாத்து இல்லை எண்டு சொல்ல ஏலாமப் போச்சு."

"காரைத் திருப்பட்டோ?"

எண்பதர் யன்னல் கண்ணாடியைக் கையால் துடைத்தார். பிறகு, "ஓட்டும்," என்றார்.

ஒல்காவின் தாய் யன்னலோரக் கட்டிலில் ஒரு குழந்தை அளவுக்குச் சுருங்கியிருந்தார். கண் தெரியாது. மகள் காதில் சொன்னதும் எண்பதரின் கையைப் பிடித்துக்கொண்டார், விடவில்லை. கேள்விகளை ஒல்கா ஆங்கிலத்தில் சொல்ல, எண்பதர் தமிழில் சொல்ல, நடுவில் நான் தடுமாறினேன்.

குளிரவில்லையா அவருக்கு?

"கொதிகலன் இருந்ததம்மா. மத்தியானத்துக்குப் பிறகு சுவர் சூடாயிடும். முதுகைச் சாய்ச்சுக்கொண்டு இருப்பார்."

சாப்பாடு?

"முட்டைக்கோவா சூப். முதல் மாதம் வாயிலை வைக்க ஏலாது. பிறகு பழகியிட்டுது."

யன்னல் இருந்ததா?

"ஓம். ஒரு மரம் தெரியும். பேர் தெரியாது. இலை கொட்டி, திரும்ப வந்ததைப் பாத்தவர்."

இது யாருடைய ஏழு மாதம் என்று எனக்கு விளங்கிவிட்டது. ஒரு சொல்லும் பொய்யில்லை, ஆள் மட்டும்தான் வேறு.

கிழவி கடைசியாகக் கேட்டார், யாரைப் பற்றியாவது கதைத்தாரா என்று.

எண்பதர் யன்னலைப் பார்த்தார். ஊரில் விட்டுவந்தபோது அவருடைய மகளுக்கும் நாலு வயது.

"மகளைப் பற்றித்தான். முழிச்சிருந்தால் நகம் வெட்ட விடமாட்டாளாம். அவள் நித்திரை கொள்ளுமட்டும் பாத்திருந்து வெட்டுவாராம். அவள் நித்திரை மாதிரிக் கள்ளமா நடிப்பாளாம். அது அவருக்குத் தெரியுமாம், தெரியாத மாதிரியே வெட்டிவிடுவாராம்."

நான் ஆங்கிலப்படுத்தினேன். ஒல்கா காதில் சொன்னார். கிழவி எண்பதரின் கையை விட்டு, தன் விரல்நுனிகளை ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தார். பிறகு மெல்லிய குரலில் ஏதோ சொல்லிச் சிரித்தார்.

ஒல்காவின் முகம் வெளிறியிருந்தது. "'நான் நடித்தது அவருக்குத் தெரியுமா?' என்று கேட்கிறார்."

எண்பதர் என்னைத் திரும்பிப் பார்த்தார்.

கிழவி இன்னொன்றும் கேட்டார். அதை மொழிபெயர்க்கத் தேவைப்படவில்லை. எண்பதர் எழும்பி இரண்டு கால்களையும் சேர்த்து நின்று, "ஹ்னாத் சொறோகா," என்று கூப்பிட்டார். கட்டிலில் கிடந்த அந்தச் சின்ன உடம்பிலிருந்து உரத்து வந்த பதிலுக்கு, என்னவோ ஏதோ என்று தாதி ஓடிவந்தாள்.

திரும்பும்போது அவரால் சீட் பெல்ற்றைக்கூடப் பூட்ட முடியவில்லை. நான்தான் பூட்டிவிட்டேன்.

கிழவி பனி கரைய முன் போய்விட்டார். ஒல்கா பெரிய பாண் ரொட்டி ஒன்று சுட்டுக்கொண்டுவந்து எங்கள் மேசையில் வைத்தார். அடுத்த வருடம் எண்பதரின் மனைவியும் மகளும் வந்து சேர்ந்தார்கள். மொன்றியலில் மைத்துனர் வேலை பார்த்துவைத்திருக்கிறார் என்று குடும்பத்தோடு வெளிக்கிட்டார். கியூபெக்குக்கா என்று சுப்பர்வைசர் தலையில் கைவைத்தார்.

கடைசி நாள் பஸ் தரிப்பில் நின்றபோதுதான், இத்தனை காலமும் எதிரெதிரே இருந்து வேலை செய்த மனிதரிடம் நான் கேட்டேன், "அண்ணை, உங்கடை சொந்தப் பேர் என்ன?" கொஞ்சம் கூச்சத்தோடு சொன்னார். அதை இங்கே எழுதப்போவதில்லை. ஆனால் எனக்குப் பாடம்.