கும்டெர்வென் பாடற்குழுவும் அதன் ஒரே ரசிகரும்

மானுட நாகரிகத்துக்கு வேல்ஸ் நாடு வழங்கிய கொடைகளில் ஆட்டுக்கறிக்கு இரண்டாம் இடம்தான். முதலிடம் கும்டெர்வென் ஊர்ப் பாடற்குழுவுக்கு. இது அந்தக் குழுவே ஏகமனதாக எடுத்த முடிவு.

அதன் வரலாறு வீரம் செறிந்தது. ஸ்லேட்டுக் குவாரித் தொழிலாளிகள் தொடங்கிய குழு. குவாரியை மூடினார்கள், குழு வாயை மூடவில்லை. ஜெபக்கூடத்துக்குப் போதகர் வருவது நின்றது, பாட்டு நிற்கவில்லை. ஆள் குறைந்தபோது பெண்களைச் சேர்த்தார்கள். அப்புறம் 'தொண்டை உள்ள எவரும் வரலாம்' என்று விதியைத் திருத்தினார்கள். ஊரே வந்துவிட்டது. கோடை வீடு வாங்கிய இங்கிலாந்துத் தம்பதிகூடப் பெட்டியைப் பிரிக்கும் முன்பே சேர்ந்துகொண்டார்கள்.

பாடல் தொகுப்பும் லேசுப்பட்டதல்ல. துக்க வீட்டுக்கு ஒரு துதிப்பாடல். கல்யாணத்துக்கு அதையே கொஞ்சம் வேகமாக. ரக்பியில் ஜெயித்தால் அதையே சத்தமாக. தோற்றால், மறுபடியும் துக்க வீட்டு மெட்டு.

எல்லாரும் மேடையில் ஏறிவிட்டதால் எதிரே பெஞ்சில் மிஞ்சியவர் இத்வால் ஒருவர்தான். குவாரியில் லாரி ஓட்டி ஓய்வு பெற்றவர். அவர் மனைவி நெஸ்டா பெண்கள் வரிசையில் பாடினாள். அத்தனை குரலுக்கு நடுவே அவள் குரலைப் பிரித்துக் கேட்பதற்காகவே அவர் வருவார். போன குளிர்காலத்தில் நெஸ்டா இறந்துபோனாள். குழு அவளுக்கு, வேகமில்லாத மெட்டில், மிகச் சிறப்பாகப் பாடியது.

பனி விலகியதும் இத்வால் செயற்குழுவின் முன்னால் போய் நின்றார்.

"நானும் பாட வரேன்."

பாட்டை நடத்தும் ஹைல்வென் அம்மையாருக்குத் தேநீர் புரையேறியது. "விளையாடாதீங்க இத்வால்! நீங்களும் மேல ஏறிட்டா கீழ யாரு?"

"தொண்டை உள்ள யாரும் வரலாம்னு நீங்கதானே போட்டிருக்கீங்க?"

"தொண்டை எல்லார்கிட்டயும் இருக்குய்யா. காது உங்ககிட்ட மட்டும்தானே இருக்கு!" என்றார் செயலாளர் டெகிட். தபால்காரர், யதார்த்தவாதி.

"பக்கத்து ஊர்க்காரங்களைக் கூப்பிடுங்க."

"அவங்களுக்கும் ஒரு குழு இருக்கே. நாம முதல்ல போய் அவங்க பாட்டைக் கேட்டாத்தான் அவங்க வருவாங்களாம்."

"போய்க் கேளுங்களேன்."

"கேக்கறதா? நாங்களா?"

அறையில் கனத்த அமைதி. கும்டெர்வென் வரலாற்றில் இத்தகைய அமைதி அபூர்வம்.

"நான் கேக்க வந்த குரல் போயிடுச்சும்மா," என்றார் இத்வால் மெதுவாக. "வெறும் பெஞ்சுல உக்காந்து நான் என்ன பண்ண?"

செயற்குழு உருகிவிட்டது. உடனடியாக, பெஞ்சுக்கு மெத்தை போடுவதென்று தீர்மானித்தது. கூடவே 'ஆயுட்காலக் கௌரவச் செவிமடுப்பாளர்' என்ற பட்டமும், இரண்டாவது கேக்குத் துண்டுக்கான நிரந்தர உரிமையும்.

ஆண்டு விழாவன்று இத்வால் வந்தார். மெத்தையில் அமர்ந்தார். இரண்டாவது சரணத்தில் எழுந்தார். தொப்பியைக் கழற்றி மெத்தைமேல் வைத்துவிட்டு மேடையேறி ஆண்கள் வரிசையின் ஓரத்தில் நின்றுகொண்டார். ஹைல்வென் கண்ணாலேயே அவரைக் கீழே விரட்டிப் பார்த்தார். ஆனால் பாதிப் பாட்டில் நிறுத்துவது குழுவின் மரபில் இல்லை.

முதலில் மேட்டில் ஏறும் லாரியைப் போல உறுமினார் இத்வால். பிறகு குரல் திறந்துகொண்டது. கண்ணை மூடிக்கொண்டு, குளிர்காலம் முழுக்க நெஞ்சில் கட்டி நின்றதையெல்லாம் பாடித் தீர்த்தார். கன்னம் நனைந்தது. யாரும் பார்க்கவில்லை, எல்லாரும் பாடிக்கொண்டிருந்தார்கள்.

பாட்டு முடிந்தது. ஹைல்வென் திரும்பி, வழக்கம்போலத் தலைவணங்கினார். தொப்பிக்கு.

கைதட்ட ஆளில்லை. பாடியது நன்றாக இருந்ததா, இல்லையா? குழு ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தது. ஒருவருக்கும் தெரியவில்லை.

"இத்வால், நீங்களாவது சொல்லுங்களேன்," என்றார் ஹைல்வென், தவிப்போடு. "எப்படி இருந்துச்சு?"

இத்வால் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்.

"பிரமாதம்மா! என் குரலைத் தவிர வேற எதுவும் காதுல விழலை. நெஸ்டா குரல் இல்லாதது உங்களை மாதிரியே எனக்கும் இன்னிக்குத் தெரியாமப் போச்சு."