பொன்னம்பலத்தார் செத்த காட்சி

பிணத்துக்கு இப்படியா வயிறு ஏறி இறங்கும்? பிணமாக நடிக்க இந்த மனுசனைத் தெரிந்தெடுத்த என்னைத்தான் முதலில் பெட்டிக்குள் கிடத்தவேண்டும்.

கமராவுக்குப் பின்னால் நின்ற சிசிலியா பல்லைக் கடித்தாள். வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகளுக்கு அனுப்புவதற்காக ஊரூராய்ச் செத்தவீடுகளை வீடியோ எடுத்து வயிறு கழுவியவள் அவள். இது அவள் சொந்தமாகத் தயாரிக்கும் முதல் படம். கரண்ட் இல்லாத யாழ்ப்பாணத்தில் அவளிடம் இருந்தது ஒரே பற்றறி. அது போனால் படமும் போயிற்று.

“பொன்னம்பலம் அண்ணை, மூச்சை அடக்குங்கோ!”

“அடக்கினா உண்மையாச் செத்துப்போவன், பிள்ளை.”

வயிற்றை மறைக்க மாலைகளைக் குவித்தாள். பூந்தூள் மூக்கில் ஏறிப் பிணம் தும்மியது. தும்மல் கேளாதிருக்க, காட்சிக்குக் கூப்பிட்டிருந்த பறைகாரரை அடிக்கச் சொன்னாள். கொஞ்ச நேரத்தில் உரும்பிராய்ச் சனம் படலையைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தது.

“ஐயோ, நேற்றும் தோட்டத்திலை கண்டனே!”

“அழாதேங்கோ! இது படம் எடுக்கிறது!” என்று கத்தினாள் சிசிலியா.

அதுதான் பிழையாய்ப் போயிற்று. செத்தவீட்டில் கமரா நின்றால் அது வெளிநாட்டுக்குத்தான் என்பது ஊருக்கே தெரியும். சனம் பெட்டியை விட்டுவிட்டுக் கமராவைச் சூழ்ந்தது.

“தம்பி, கனடாவிலை இருந்து பாக்கிறியோடா? மாமி வந்திருக்கிறன்!”

“அங்காலை தள்ளுங்கோ, என்ரை முகம் விழேல்லை!”

சிசிலியாவுக்குத் தலை கொதித்தது. எந்த முற்றத்தில் நின்றாலும் இவர்களுக்கு அவள் செத்தவீட்டுக்காரிதானா?

“அண்ணை, எழும்பிக் காட்டுங்கோ!”

பொன்னம்பலம் தலையைத் தூக்கினார். அதுவரை தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு நின்ற அவர் மனைவி பராசக்தி, “என்ரை ராசா!” என்று ஓடிவந்து அவர் நெஞ்சில் விழுந்து அமத்தினாள்.

“விடப்பா, மூச்சு முட்டுது!”

“பேசாமல் கிடவுங்கோ.”

கமராவின் சிவப்பு விளக்கு மினுங்கி அணைந்தது. சிசிலியா பராசக்தியின் தோளைப் பிடித்து இழுத்தாள்.

“உங்களுக்கென்ன விசரே அக்கா? என்ரை படம் போச்சு!”

பராசக்தி அவள் காதோடு கதைத்தாள். “கோவியாதை பிள்ளை. சனம் பறை கேட்டு வரேல்லை. இவர் செத்துப்போனாரெண்டு நான்தான் ஆள் விட்டுச் சொன்னனான். மோன் கனடா போன பிறகு ஒரு காயிதம் இல்லை. இந்தக் கசற்றை அவனுக்கு அனுப்பிவிடு. தேப்பன் செத்ததுக்கெண்டாலும் எழுதமாட்டானோ?”

சிசிலியா கசற்றை வெளியே எடுத்துத் தன் பைக்குள் வைத்தாள்.

“அனுப்பமாட்டன் அக்கா,” என்றாள் மெதுவாக. “இனி உண்மையான செத்தவீட்டுக்கும் நான் கமராவோடை வரமாட்டன்.”