ஓரத்தில் ஒரு காது

ஆளைப் படம் பிடிக்கச் சொன்னால், ஆள் எழுந்துபோன நாற்காலியைப் பிடித்துக்கொண்டு வரும் ஒளிப்பதிவாளர் இனம் ஒன்று உண்டு, வாசகரே. சீனாவின் சீயான் நகரத்து லூ ஜிங்தாவ் அந்த இனத்தின் தலைமகன்.

பிறவியிலேயே அப்படி இல்லை. தொலைக்காட்சித் தொடர்களில் மாமியார்களையும் மருமகள்களையும் முகம் முகமாகக் காட்டிக்கொண்டு ஒழுங்காகத்தான் இருந்தார். முதல் சினிமாவில் ஒருநாள், கதாநாயகி அழுதுகொண்டிருக்கும்போது ட்ரைபாட் சறுக்கி, கேமரா சுவர்ப் பக்கம் திரும்பிவிட்டது. மறுபடி எடுக்க நேரமில்லை. அதைப் பார்த்த விமர்சகர் ஒருவர், பழைய சீன ஓவியர்கள் தாளில் வெற்றிடம் விடுவதுபோல இவர் துயரத்துக்கு இடம் விட்டிருக்கிறார் என்று எழுதித் தொலைத்தார். போதாதா? அடுத்த படத்தில் கதாநாயகன் திரையின் ஓரத்துக்குப் போனான். அதற்கடுத்ததில் முதுகு மட்டும் தெரிந்தது. பிறகு வாசல், பனிமூட்டம், கொடியில் காயும் சட்டை, ஒரு விருது, இன்னொரு பனிமூட்டம், இன்னொரு விருது. நடிகர்கள் தாங்கள் நடித்த படத்தில் தங்களையே தேடினார்கள். கேட்டால், தேநீரை ஊதிக்கொண்டே, "தெரியறது பெருசில்ல, உணரணும்" என்பார்.

இந்த மனிதரிடம்தான் அவர் மனைவி யுன், சீனப் புத்தாண்டான வசந்தப் பண்டிகையன்று ஒரு குடும்பப் புகைப்படம் எடுக்கச் சொன்னாள். கனடாவில் இருக்கும் அவள் தம்பி பல வருடம் கழித்து வந்திருந்தான்; மறுநாளே கிளம்புகிறான். யுன்னின் அம்மாவுக்கு எல்லா முகமும் ஒரே படத்தில் வேண்டும். சுவரில் ஆணிகூட அடித்து வைத்துவிட்டாள்.

"மாப்பிள்ளை, எல்லாரும் தெரியற மாதிரி எடுங்க. அது போதும்" என்றாள், அவரிடம் அதுவரை எதுவுமே கேட்டறியாத அந்த அம்மாள்.

மாப்பிள்ளை திரைச்சீலையை இழுத்தார், விளக்கை அணைத்தார், இறைச்சிக் கொழுக்கட்டை வெந்த பானையைத் திறந்து ஆவி பரவும்வரை காத்திருந்தார், எல்லோரையும் இடப்பக்கம் நகர்த்தினார், இன்னும் கொஞ்சம் நகர்த்தினார். தம்பி விமானம் ஏறிப் போன பிறகு படம் அச்சாகி வந்தது. ஆவி அழகாக இருந்தது. ஓரத்தில் ஒரு காது இருந்தது.

அம்மா அதைக் கண்ணருகே வைத்துப் பார்த்தாள். "இது நம்ம பையன் காதுதானா?" என்று மட்டும் கேட்டாள். யுன் எழுந்து அடுப்படிக்குப் போனாள்.

அன்றைய சாப்பாட்டில் எல்லோர் தட்டிலும் கொழுக்கட்டை இருந்தது. லூவின் தட்டு மட்டும் காலி. ஓரத்தில், தொட்டுக்கொள்ள, ஒரு சொட்டு வினிகர்.

"என்ன இது?"

"வெற்றிடம் விட்டிருக்கேன். உணர்ந்து சாப்பிடுங்க."

அவர் தட்டையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். முகம் இளகியது. மன்னிப்புத்தான் கேட்கப்போகிறார் என்று யுன் நினைத்தாள். அவர் கைப்பேசியை எடுத்து, தட்டைப் படம் பிடித்தார்.

சிரிக்கிறீர்களா? சிரியுங்கள். சிரித்து முடித்ததும் உங்கள் கைப்பேசியைத் திறந்து பாருங்கள். அஸ்தமனம் இருக்கும், ஜன்னலில் மழைத்துளி இருக்கும், காபி நுரை விதவிதமாக இருக்கும். உங்கள் அம்மா இருக்கிறாளா? ஓரத்தில் ஒரு காதாவது?