கேரக்டரய்யா பெரியப்பாவான கதை

தமிழ் சினிமாவில் கேரக்டரய்யா அளவுக்கு அடிக்கடி செத்தவர் யாரும் கிடையாது. யாராவது மறுத்தால் நான் சண்டைக்கு வருவேன். கோவையில் ஸ்டுடியோக்கள் இருந்த காலத்தில் நடிக்க ஆரம்பித்து, அப்புறம் சென்னைக்குப் போய், கதாநாயகியின் அப்பா, டாக்டர், ஜட்ஜ், பூசாரி, பாதிரியார் என்று நாற்பது படங்களில் கிடைத்த கேரக்டர் வேஷத்தையெல்லாம் போட்டவர்; பேரே அப்படி வந்ததுதான். எந்த வேஷமானாலும் இடைவேளைக்கு மேல் உயிரோடு இருக்க மாட்டார். ஒருமுறை பம்பாய்க்கே கூட்டிப் போனார்கள். இந்தி தெரியாததால் வசனம் பேசாமலே செத்துவிட்டு வந்தார்.

எண்பது வயதில் எங்கள் புலியகுளம் வீட்டுக்கு எதிர் வீட்டில் தனியாகக் குடியிருந்தார். நடிப்பை விட்டாரே தவிர பழக்கத்தை விடவில்லை. எங்கே கூப்பிட்டாலும் முதலில், "காட்சி என்னங்க?" என்பார். சொன்னால் அதற்கேற்ற உடுப்பில் வருவார். சொல்ல மறந்தால் நம் பாடு திண்டாட்டம். ஒரு வளைகாப்புக்குத் துக்க முகத்தோடு வந்து, மாசமாக இருந்த பெண்ணின் தலையில் கை வைத்து, "தைரியமா இருக்கோணும் கண்ணு" என்று சொல்லிப் பாதிக் கூட்டத்தை அழவைத்துவிட்டார்.

இன்னொரு நாள் ஸ்டாண்டில் ஆட்டோ டிரைவர் ஒருவர் வெயிலில் மயங்கி விழுந்தார். கேரக்டரய்யா கூட்டத்தை விலக்கி வந்து நாடி பிடித்தார். பதினொரு படத்தில் டாக்டர் அல்லவா? மெதுவாகக் கண்ணாடியைக் கழற்றினார். தலையை இடம் வலமாக ஆட்டினார். டிரைவரின் மனைவி போட்ட கூச்சலில் டிரைவரே எழுந்து உட்கார்ந்து, "ஆருக்கு என்னாச்சுங்க?" என்று கேட்டார்.

இப்படிப்பட்ட மனிதரைத்தான் அம்மா என் கல்யாணப் பேச்சுக்குள் கூட்டி வந்தார். அப்பா இறந்து மூன்று வருஷம் ஆகியிருந்தது. தாராபுரத்திலிருந்து என்னைப் பெண் பார்க்க வரும் நாள். சபையில் உட்கார வேண்டிய பெரியப்பா ஏதோ கோபத்தில், வரமாட்டேன் என்று காலையில் போனில் சொல்லிவிட்டார். கேட்க ஆளில்லாத வீடு என்று பேராகிவிடுமே என்று அம்மா எதிர் வீட்டுக்கு ஓடினார்.

"காட்சி என்னங்க அம்மணி?"

"பொண்ணு பாக்க வாராங்கய்யா. நீங்க பெரியப்பாவா உக்காரோணும். வாங்க, சந்தோசமுங்க, அவ்வளவுதான். அதுக்கு மேல பேசிப்போடாதீங்க."

"சாவு உண்டுங்களா?"

"இல்லீங்கய்யா."

கொஞ்சம் ஏமாற்றத்தோடுதான் ஒப்புக்கொண்டார்.

சரிகைக்கரை வேட்டி, தோளில் துண்டு என்று வந்து, நிஜப் பெரியப்பாவை விட நன்றாகவே உட்கார்ந்திருந்தார். காபி கொடுத்தோம். பையனின் மாமா தொண்டையைச் செருமி, "எல்லாம் புடிச்சிருக்குதுங்க. ஒண்ணே ஒண்ணு. பொண்ணு வேலைய உட்டுப்போடோணும்" என்றார். நான் அப்போது பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். அந்த வேலை இல்லாமல் நான் நானாகவே இருக்க மாட்டேன். பையன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். அம்மா என் பக்கமே திரும்பவில்லை. எல்லாரும் பெரியப்பாவைப் பார்த்தார்கள்.

அவர் எழுந்தார். துண்டைத் தோளிலிருந்து எடுத்தார். டிவியில் எத்தனை படத்தில் பார்த்திருக்கிறேன். அடுத்து அதைச் சம்பந்தியின் காலடியில் வைப்பார், பெண்ணின் வாழ்வுக்காகக் கெஞ்சுவார், நெஞ்சைப் பிடிப்பார்.

முகத்தைத் துடைத்துக்கொண்டு துண்டை மறுபடி தோளிலேயே போட்டார்.

"எங்க புள்ள வேலைய உடாதுங்க. காப்பி ஆறிப்போகுது, குடிச்சுப்போட்டுக் கெளம்புங்க."

அவர்கள் போனதும் அம்மா பிடித்துக்கொண்டார். "ஏனுங்கய்யா, நான் சொன்னதென்ன, நீங்க பேசுனதென்ன?"

"தப்புதானுங்க அம்மணி. எத்தன பேரு கால்லயோ துண்ட வெச்சிருக்கறனுங்க. டைரக்டர் சொன்னாரு, வெச்சேன். இங்க நம்ம புள்ள மூஞ்சியப் பாத்தனுங்களா, கை போகலீங்க."

அம்மா ஒரு மாசம் அவரோடு பேசவில்லை. நான் பள்ளிக்கூடம் விட்டு வரும்போதெல்லாம் அவர் வீட்டில் நுழைந்துவிட்டுத்தான் என் வீட்டுக்குப் போனேன்.

இரண்டு வருஷம் கழித்து, என் வேலையைப் பற்றி வாயே திறக்காத ஒருவரோடு எனக்குக் கல்யாணம் நிச்சயமானது. பத்திரிகையில் பெரியவர்கள் பட்டியலில் பெரியப்பா என்று கேரக்டரய்யாவின் பேரைத்தான் முதலில் போட்டேன். நிஜப் பெரியப்பா அதற்கும் கோபித்துக்கொண்டார். முதல் பத்திரிகையை எதிர் வீட்டில் கொண்டுபோய்க் கொடுத்தேன். ஜன்னல் வெளிச்சத்தில் நீட்டிப் பிடித்து வெகுநேரம் பார்த்தார்.

"பேர மேல போட்டிருக்குது கண்ணு. நமக்கு எப்பவுமே கடைசியிலதான் போடுவாங்க. அச்சுல தப்பாயிருச்சாட்ட இருக்குது."

"தப்பில்லீங்க பெரியப்பா" என்றேன். அப்பா போன பிறகு ஒருவரை அப்படி உரிமையோடு கூப்பிட எனக்கு அவ்வளவு ஆசையாக இருந்தது.