ஒண்ணேகால் லட்சம் சிங்

தனி ஆளாகப் பிறந்து ஒண்ணேகால் லட்சம் பேராக வாழ்ந்தவர் உலகத்திலேயே ஒருத்தர்தான். அவர் திண்டுக்கல் பைபாஸில், நான் வேலை பார்த்த லாரி புக்கிங் ஆபீசுக்குப் பக்கத்தில் சப்பாத்திக்கடை வைத்திருந்தார். பஞ்சாப்காரர். இந்தப் பக்கத்து நூல் மில்லுக்குப் பருத்தி ஏற்றிக்கொண்டு லாரி ஓட்டி வந்தவர், சின்னாளப்பட்டி சரோஜாவைப் பார்த்தார், லாரியை இன்னொரு டிரைவரிடம் கொடுத்து அனுப்பிவிட்டு இங்கேயே தங்கிவிட்டார். எனக்குப் பழக்கமானபோது அவருக்குத் தெரியாத தமிழ் வசவே கிடையாது.

நிஜப் பெயர் ரேஷன் கார்டில் இருந்திருக்கும். எங்களுக்கு அவர் 'ஒண்ணேகால்'. அந்தப் பெயர் வந்தது டயர் கடை காதர் பாய் வீட்டுக் கல்யாணத்தில். மகள் நிக்காஹுக்கு உங்கள் வீட்டிலிருந்து எத்தனை பேர் என்று பாய் போனில் கேட்டிருக்கிறார். "ஒண்ணேகால் லட்சம் பேர் வாரோம் பாய்" என்றார் இவர். ஸ்பீக்கரில் அதைக் கேட்ட பிரியாணி மாஸ்டர் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாராம். மத்தியானம் நீலத் தலைப்பாகையோடு இவர் மட்டும் வந்து இறங்கினார்.

"எங்கண்ணே மத்தவுக?"

"எல்லாரும் வந்துட்டோம்ல. எலையப் போடு."

இது அவர் சொந்தமாகக் கண்டுபிடித்த கோமாளித்தனம் என்றுதான் நானும் நினைத்தேன். இல்லையாம். சீக்கியர்களில் நிஹாங் என்று நீல உடுப்புப் படைக்காரர்கள் உண்டு, அவர்கள் பேச்சு இது. ஒரு காலத்தில் அப்போதைய ஆட்சியாளர்கள் சீக்கியர் தலைக்கு விலை வைத்து வேட்டையாடியிருக்கிறார்கள். காட்டில் ஒளிந்து, குதிரை முதுகிலேயே தூங்கி, கிடைத்ததைத் தின்று கிடந்த கூட்டம், அழுவதற்குப் பதிலாகத் தனி அகராதி ஒன்று போட்டுக்கொண்டது. ஒற்றை ஆள் வந்தால் ஒண்ணேகால் லட்சம் படை வந்தாயிற்று. வறுத்த கடலைக்கு பாதாம் என்று பேர். வெங்காயம் வெள்ளிக்காசு. மிளகாய் சண்டைக்காரி. பானையில் சோறே இல்லையென்றால், பானை போதையில் இருக்கிறது என்பார்கள். நொண்டிக்குப் பேர் நல்ல நடைக்காரன்.

"பசிக்குதுன்னு சொன்னா எதிரிக்குச் சந்தோசம்லலே. அவனுக்கு அத எதுக்குக் குடுக்கணும்?" என்பார்.

காட்டில் இதெல்லாம் சரி. திண்டுக்கல் பைபாஸில் சப்பாத்திக்கடை நடத்துகிறவருக்குச் சரிப்படவில்லை. "பருப்பு இருக்கா?" என்று கேட்ட ஒருவரிடம் "சட்டி போதையில இருக்கு" என்று சொல்லப்போக, சாயங்காலமே போலீஸ்காரர் ஒருத்தர் வந்து கடையில் இருந்த அத்தனை பாத்திரத்தையும் மோந்து பார்த்துவிட்டுப் போனார். காந்திகிராமத்துப் பேராசிரியர் ஒருவர் முதல் தடவையாகச் சாப்பிட உட்கார்ந்த அன்று இவர் உள்ளே பார்த்து, "சண்டைக்காரி ரெண்டு பேரப் பிடிச்சு எண்ணெயில போடு" என்று சத்தம் கொடுத்தார். உள்ளேயிருந்து சரோஜா மதினி கரண்டியோடு வெளியே வந்தார். பேராசிரியர் கை கழுவாமலே பஸ் ஏறிவிட்டார்.

மாவு பிசையும்போது போர்ப்பாட்டுப் பாடுவார். 'வார்' என்று பஞ்சாபியில் சொல்லும் வீரகதைகள். நமக்கு ஒரு வார்த்தை புரியாது, ஆனால் எந்த இடத்தில் தலை உருளுகிறது என்று தெரிந்துவிடும், அங்கே மாவில் ஒரு குத்து விழும். அவர் சப்பாத்தி மெத்தென்று இருந்ததற்கு அந்தப் பழைய போர்கள்தான் காரணம் என்பது எங்கள் ஆபீசின் முடிவு.

சர்க்கரை வியாதி இந்த அகராதிக்கெல்லாம் மசியவில்லை. ஒருநாள் அடுப்பிலிருந்து கங்கு ஒன்று வலது பாதத்தில் விழுந்து, கருகிய நாற்றம் வந்த பிறகு, "என்னலே தீயுது?" என்று அவரே சுற்றுமுற்றும் பார்த்தார். கால் மரத்துப்போயிருந்தது. புண் ஆறவில்லை. மஞ்சள் வைத்தார்கள், மருந்து வைத்தார்கள், அது பாட்டுக்கு மேலே ஏறியது. கடைசியில் சாம்பிராணி போட்டும் மறைக்க முடியாத வாடை வந்தது. முழங்காலுக்குக் கீழே எடுத்தால் உயிர் இருக்கும், இல்லாவிட்டால் இல்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

அன்றிலிருந்து நாங்கள் யாரும் அவரை 'ஒண்ணேகால்' என்று கூப்பிடவில்லை. அந்தச் சொல்லை இரண்டாகப் பிரித்தால் என்ன வரும் என்பது எல்லோருக்கும் ஒரே சமயத்தில் உறைத்துவிட்டது. 'சிங்கண்ணே' என்று குழைந்தோம். கட்டிலில் படுத்தபடி எங்களை ஒரு முறை முறைத்தார்.

"ஏலே, பேரச் சொல்லிக் கூப்புடுங்கலே. நாளைலருந்துதான் அது கச்சிதமாப் பொருந்தும்."

காதர் பாய் திரும்பி நின்று மூக்கைச் சிந்தினார்.

ஆபரேஷனுக்கு முன்னால் காலைச் சவரம் பண்ண பிளேடோடு ஓர் ஆள் வந்தார். இவர் போர்வையை இழுத்துப் பிடித்துக்கொண்டார். முறைப்படி தீட்சை வாங்கிய சீக்கியர் உடம்பில் ஒரு முடியிலும் கத்தி படக்கூடாது. "கால எடுத்துக்க. முடியத் தொடாத" என்றார். டாக்டரே வரவேண்டியதாயிற்று. பாவம், தூங்கி எத்தனை நாளாயிற்றோ அவருக்கு.

"வெட்டப்போற காலுக்கு எதுக்குய்யா முடி?"

"வெட்டப்போற காலுக்கு எதுக்கு சார் சவரம்?"

டாக்டர் பிளேடுக்காரரைத் திருப்பி அனுப்பிவிட்டு, மருந்தைப் பூசி முடியோடேயே காலை எடுத்துவிட்டார்.

கால் போனது, காய்ச்சல் போகவில்லை. ரத்தத்தில் கிருமி ஏறிவிட்டது, மருந்து கேட்டால்தான் உண்டு என்றார்கள். வராந்தாவில் உட்கார்ந்திருந்த மதினி அப்போதுதான் எங்களிடம் விஷயத்தைச் சொன்னார். ஆபரேஷன் தியேட்டர் கதவு சாத்தினதும் பழனி முருகனுக்கு நேர்ந்துகொண்டாராம், ஆள் உயிரோடு வெளியே வந்தால் முடி இறக்குவதாக.

"உங்க முடியத்தானே மதினி?"

"அவரு முடிய. யோசிக்கவே இல்ல தம்பி. எங்க வீட்ல யாருக்கு ஒடம்புக்குச் சொகமில்லேன்னாலும் அவுகளுக்குத்தானே முடி எறக்குறதா நேருவோம். அதே வாய்க்கு வந்திருச்சு."

"தாயி, தலையத் தவிர வேற எதையாச்சும் நேந்திருக்கக் கூடாதா" என்றார் காதர் பாய்.

இந்த முடி வராது என்று முருகனுக்குத் தெரிந்துவிட்டது, அதனால்தான் காய்ச்சல் இறங்கவில்லை என்பது மதினியின் கணக்கு. நேரே உள்ளே போய்ப் புருஷனிடமே கேட்டுவிட்டார். எனக்குத் தெரிந்து அவர்கள் சத்தம் போடாமல் போட்ட சண்டை அது ஒன்றுதான்.

"அது எனக்குச் சொந்தமில்ல சரோசா. குரு குடுத்தது. எனக்கே பாத்தியத இல்லாதத நீ எப்படி நேந்த?"

"உசுரு போயிரும்ங்க."

"எங்காளு ஒருத்தர் மண்டைத் தோல உரிக்கக் குடுத்தாரு. முடியக் குடுக்கல. அவுகளத் தெனமும் வேண்டுதல்ல நெனைக்கிறோம்."

"அந்தாளுக்குப் பொண்டாட்டி இருந்தாளா? இருந்தா அவள ஒரு வார்த்த கேட்டாகளா?"

அவர் கண்ணை மூடிக்கொண்டார். உடம்பு அனலாகக் கொதித்தது. மாற்றிப் போட்ட ஊசி மருந்தும் அன்றைக்கு ஒன்றும் செய்யவில்லை.

மறுநாள் காலையில் மதினியைக் காணோம். சாயங்காலம் வந்தார். இடுப்புக்குக் கீழே தொங்கும் முடி அவருக்கு. எண்ணெய் தேய்த்துக் காயவைக்கும் நாளில் சப்பாத்தி போடவே மாட்டார், அத்தனை பெருமை. இப்போது மொட்டைத் தலையில் சந்தனம் பூசியிருந்தது. "புருசன் பொண்டாட்டி ஒண்ணுதான்னு அவருகிட்டயே நாயம் பேசிட்டு வந்தேன்" என்றார். அவர் என்றது முருகனை.

கட்டிலில் இருந்தவர் பார்த்துக்கொண்டே இருந்தார். திட்டுவார் என்று நான் நினைத்தேன். அவரோ பையிலிருந்து தலைப்பாகைத் துணி ஒன்றை எடுக்கச் சொன்னார். ஆறு கஜம் இருக்கும். ஒரு முனையை என்னிடம் கொடுத்து இழுத்துப் பிடிக்கச் சொல்லி, மறுமுனையை அவர் பிடித்து மடித்தார். மதினியைக் கட்டிலோரம் உட்காரவைத்து, ஊசி குத்திய கையாலேயே சுற்றிச் சுற்றிக் கட்டினார். நடுவில் மூச்சு வாங்கியது, நிறுத்தினார், திரும்பக் கட்டினார். நர்ஸம்மா வந்து, ஒரு நோயாளிக்கு ஒருத்தர்தான் கூட இருக்கலாம் என்று எங்களைக் கடிந்துகொண்டார்.

"நாங்க இங்க ரெண்டர லட்சம் பேர் இருக்கோம், நீங்க போங்க தாயி" என்றார் இவர்.

அடுத்த நாள் காய்ச்சல் இறங்கத் தொடங்கியது. ஊசி மருந்து இப்போதுதான் பிடித்தது என்றார் டாக்டர். முருகன் என்றார் மதினி. குரு என்றார் இவர். தர்காவில் தான் ஓதவைத்ததை யாருமே கணக்கில் எடுக்கவில்லை என்று காதர் பாய்க்கு வருத்தம்.

கட்டைக் காலோடு கடைக்கு வந்தார், நல்ல நடைக்காரன் என்று தனக்குத் தானே பட்டம் கொடுத்துக்கொண்டார். ஒரு தீபாவளியைப் பார்த்தார். அடுத்ததற்குள் சிறுநீரகம் கைவிட்டுவிட்டது. இந்தத் தடவை ஆஸ்பத்திரிக்குள் நுழையும்போதே, "இனி யாருக்கும் எதையும் நேரக்கூடாது" என்று மதினியிடம் கையில் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டார். மதினி சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். அவரைச் சிதையில் வைத்தபோது ஒரு முடி குறையவில்லை.

போன வாரம் கடைக்குப் போனேன். மதினிதான் மாவு பிசைந்துகொண்டிருந்தார், பாட்டில்லாமல். சப்பாத்தி கொஞ்சம் கெட்டியாகத்தான் இருந்தது. நான் சாப்பிட்டு முடித்ததும் பின்னலை எடுத்து முன்னால் போட்டுக் காட்டினார்.

"பாரு தம்பி, முதுகு வரைக்கும் வந்திருச்சு. அந்த மனுசன் மட்டும் சத்தியம் வாங்காம இருந்திருந்தா இன்னொரு தடவ குடுத்திருப்பேன்."

என் தலையில் மிச்சம் இருப்பது காதோரம் கொஞ்சம்தான். கேட்டிருந்தால் அதையும் கொடுத்திருப்பேன்.