மாப்பிள்ளை, நான் ஆட்டத்தை விட்டுப் போகவில்லை

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

மாமா எழுதுவது. இப்படித் தொடங்கலாமா கூடாதா என்று பேனாவை மூடியும் திறந்தும் இன்றைய காலைப் பொழுது முழுக்கப் போய்விட்டது. நீங்களும் என் மகளும் பேப்பரில் கையெழுத்துப் போட்டுப் பிரிந்த பிறகு மாப்பிள்ளை என்று எழுத எனக்கு உரிமை இல்லை என்பது தெரியும். 'ஐயா' என்று போட்டுப் பார்த்தேன், குழாயில் தண்ணீர் வரவில்லை என்று புகார் எழுதுகிற மாதிரி இருந்தது. 'தம்பி' என்றால் திடீரென்று உறவை மாற்றியது போலாகிவிடும். பெயரைச் சொல்லி உங்களை நான் ஒருநாளும் கூப்பிட்டதில்லை, இந்த வயதில் ஆரம்பித்தால் நாக்கு ஒத்துழைக்காது. ஆகவே வேறு நல்ல சொல் கிடைக்கும்வரை பழைய சொல்லையே வைத்துக்கொள்கிறேன், பொறுத்தருளவும்.

இங்கே உங்கள் அத்தை, என் மகள், நான் மூவரும் உடம்புக்குக் குறைவில்லாமல் இருக்கிறோம். தாங்களும் வேளாவேளைக்குச் சாப்பிட்டு நல்லபடியாக இருப்பீர்கள் என்று எடுத்துக்கொள்கிறேன். இந்தக் கடிதம் எழுதுவது வீட்டில் யாருக்கும் தெரியாது. உங்கள் நம்பரை உங்கள் அத்தை என் போனிலிருந்து எடுத்துவிட்டாள். கோபத்தில் இல்லை, "பார்க்கும்போதெல்லாம் மனசு கஷ்டப்படுதுங்க" என்று சொல்லித்தான் எடுத்தாள். நீங்கள் இப்போது குடியிருக்கும் வீட்டு விலாசமும் என்னிடம் இல்லை. ஆபீஸ் விலாசம் மட்டும் மறக்காது, ஏனென்றால் அந்தக் கட்டடத்து லிஃப்டைப் பல வருஷம் பழுது பார்த்தவன் நான். நாலாவது மாடியில் நிற்கும்போது அது இன்னும் ஒரு குலுக்கல் குலுக்குகிறதா? பிரேக் லைனிங் தேய்ந்திருக்கும், சொல்லி மாற்றச் சொல்லுங்கள். நான் சொன்னதாகச் சொல்ல வேண்டாம்.

விஷயத்துக்கு வருகிறேன். நாம் ஆடும் பாம்பும் ஏணியும் ஆட்டத்தில், உங்கள் டேப்லெட்டில் 'எதிராளி வெளியேறிவிட்டார்' என்று வந்திருக்கும். அது பொய். நான் வெளியேறவில்லை. போனில் இடம் இல்லாமல் போய்விட்டது, அவ்வளவுதான். அதுவும் எந்த நேரத்தில்? நீங்கள் தொண்ணூற்றொன்பதில் உட்கார்ந்துகொண்டு ஒன்று விழுந்தால் ஜெயித்தோம் என்று காத்திருந்த நேரத்தில். தோற்கப் போகிறோம் என்று தெரிந்ததும் கிழவன் பலகையைத் தட்டிவிட்டு ஓடிவிட்டான் என்றுதான் யாரும் நினைப்பார்கள். அப்படி நினைத்தால்கூடப் பரவாயில்லை. எல்லோரையும் போல மாமாவும் நம்மைக் கைகழுவிவிட்டார் என்று நீங்கள் நினைத்துவிடக் கூடாதே என்றுதான் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

நடந்ததை முதலிலிருந்து சொல்கிறேன். நான் உயிரோடுதான் இருக்கிறேன் என்று வருஷத்துக்கு ஒருமுறை பென்ஷன் ஆபீசில் போய் நிற்பது உங்களுக்குத் தெரியும். கவுண்டரில் இருப்பவர் தலையைத் தூக்கி ஒரு பார்வை பார்த்துவிட்டு முத்திரை குத்துவார், நான் படியிறங்கி வந்து டீ குடித்துவிட்டு வீடு திரும்புவேன். இந்த வருஷம் அந்தக் கவுண்டரையே எடுத்துவிட்டார்கள். இனிமேல் உயிரோடு இருப்பதெல்லாம் ஆப்பில்தான் என்று ஒரு காகிதத்தை ஒட்டி வைத்திருந்தார்கள். சரி என்று வீட்டுக்கு வந்து, நீங்கள் புதுசு வாங்கியபோது எனக்குக் கொடுத்தீர்களே அந்தப் பழைய போனில் ஆப்பை இறக்கப் பார்த்தால், இடம் போதவில்லை என்றது. மறுபடி அமுக்கினேன், மறுபடியும் அதையே சொன்னது. நான் உயிரோடு இருப்பதற்கு இடமில்லை என்று ஒரு போன் என் முகத்துக்கு நேரே சொல்கிறது மாப்பிள்ளை, அதைக் கேட்டுக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன்.

இடத்தையெல்லாம் அடைத்துக்கொண்டு இருந்தவை ஆட்டங்கள். உங்கள் அத்தை வைத்திருந்த காய்கறி வெட்டுகிற ஆட்டம், மீன் வளர்க்கிற ஆட்டம் இரண்டும் போக, மிச்சமெல்லாம் அழையா விருந்தாளிகள். நாம் ஆடுகிற பாம்பும் ஏணியும் ஆட்டத்துக்கு நடுவில் விளம்பரம் வரும். மூடுவதற்கு மூலையில் கடுகளவு ஒரு பெருக்கல் குறி இருக்கும். என் விரல் ஸ்பேனர் பிடித்த விரல், குறியைப் பார்த்து அமுக்கினால் பக்கத்தில்தான் அமுங்கும், உடனே ஒரு புது ஆட்டம் மூட்டை முடிச்சோடு வந்து குடியேறிவிடும். கார் ஓட்டுவது, பலூன் வெடிப்பது, ஒரு பெண்ணுக்குத் தலை வாரிவிடுவது என்று சத்திரம் போல ஆகியிருந்தது போன். தலை வாரும் ஆட்டத்தை நான் திறந்தது ஒரே ஒரு தடவைதான். அதை உங்கள் அத்தை பார்த்துவிட்டாள், அது வேறு கதை.

இதில் எதை நீக்குவது, எதை வைப்பது? இங்கேதான் என் தொழில் புத்தி என்னைக் கவிழ்த்தது. லிஃப்டில் ஆள் கூடிப்போனால் மணி அடிக்கும். மணி அடித்தால் கடைசியாக ஏறியவர் இறங்க வேண்டும். முதலில் வந்து மூலையில் நிற்கிறவரை யாரும் இறங்கச் சொல்வதில்லை, அதுதான் நியாயம். போனில் எல்லா ஆட்டமும் வரிசையாக நின்றன. மேலே நிற்பவை கடைசியாக ஏறியவை என்று நானே முடிவு செய்து, மேலிருந்து ஐந்துக்கு டிக் போட்டேன். கண்ணாடியை எடுத்துவரச் சோம்பல். எழுத்தெல்லாம் எறும்பு அளவு, அதுவும் இங்கிலீஷ். நம் ஆட்டத்துக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயரில் பாம்பும் இல்லை ஏணியும் இல்லை, மஞ்சள் கட்டத்தை வைத்துத்தான் அதை நான் அடையாளம் கண்டுகொள்வேன், அந்த வரிசையிலோ வெறும் பெயர்கள்தான். நீக்கவா என்று கேட்டது. நீக்கு என்றேன். நிச்சயமாகவா என்று மரியாதையாக இன்னொரு தடவையும் கேட்டது. நிச்சயமாக என்றேன்.

அந்த வரிசை ஏறிய வரிசை இல்லையாம். நாம் கடைசியாக எதைத் தொட்டோமோ அது மேலே நிற்குமாம். தினமும் தொடுவதுதான் முதலில் நிற்கும். அது எனக்கு எப்படித் தெரியும்? எந்த லிஃப்டிலும் அப்படி ஒரு சட்டம் இல்லை.

பென்ஷன் ஆப் ஜம்மென்று வந்து உட்கார்ந்தது. கண்ணைச் சிமிட்டச் சொன்னது, சிமிட்டினேன். இடப்பக்கம் திரும்பச் சொன்னது, திரும்பினேன். சிரிக்கச் சொன்னது. சிரித்தது போதவில்லை என்று மறுபடி சிரிக்கச் சொன்னது. கடைசியில் ஒரு பச்சை வட்டம் வந்து நான் உயிரோடு இருப்பதை ஒப்புக்கொண்டது. அந்தச் சந்தோஷத்தில் சரி, பகடையை உருட்டுவோம் என்று பால்கனிக்குப் போனேன். மஞ்சள் கட்டம் இருந்த இடத்தில் ஒன்றுமே இல்லை.

நமக்குள் பேச்சு வராது என்பது உங்களுக்கே தெரியும். கல்யாணமான புதிதில் நீங்கள் வந்தால் முன்னறையில் இரண்டு பேரும் உட்கார்ந்து மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருப்போம். வெயில் ஜாஸ்தி என்பேன், ஆமாம் மாமா என்பீர்கள். மழை வரும் போலிருக்கிறது என்பேன், அதற்கும் ஆமாம் மாமா. ஒருநாள் உங்களுக்கே பொறுக்காமல் என் கையிலிருந்த போனை வாங்கி இந்த ஆட்டத்தைப் போட்டு, என் காய்க்கு 'மாமா' என்றும் உங்கள் காய்க்கு 'மாப்பிள்ளை' என்றும் பெயர் அடித்துக் கொடுத்தீர்கள். நீங்கள் உங்கள் வீட்டில் இருந்தபடி ஒரு உருட்டு, நான் இங்கிருந்து ஒரு உருட்டு. மூளைக்கு வேலையே இல்லாத ஆட்டம், ஜெயித்தவனுக்குப் பெருமை இல்லை, தோற்றவனுக்கு அவமானம் இல்லை. இத்தனை நாள் பேசாத பேச்செல்லாம் அதில்தான் பேசினோம் என்று எனக்கு ஒரு நினைப்பு.

அதனால்தான் மகள் பெட்டியோடு வந்து சேர்ந்த அன்றைக்கு, நடந்தது என்ன என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. யார்மேல் தப்பு என்று இன்றுவரை கேட்கவில்லை, இனியும் கேட்கப்போவதில்லை. அன்று மாலை, 'ஆட்டம் முடிந்தது, இனிமேல் உருட்ட வரமாட்டார்' என்று நினைத்துத்தான் போனைத் திறந்தேன். உருட்டியிருந்தீர்கள். மூன்று. பால்கனியில் துணிக்கொடிக்குக் கீழே நின்று, நனைந்த போர்வையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன், வெட்கப்பட என்ன இருக்கிறது. அதன் பிறகு நான் உருட்டாத நாள் இல்லை, நீங்களும் உருட்டாத நாள் இல்லை. முன்பு நீங்கள் பொம்மை முகமெல்லாம் அனுப்புகிற ஆள் இல்லை. அதன் பிறகு அனுப்பத் தொடங்கினீர்கள். என்னைப் பாம்பு கடித்தால் அழுகிற முகம், ஏணியில் ஏறினால் கை தட்டுகிற முகம். பிரிந்த பிறகு மனிதருக்கு மனது இளகிவிட்டது என்று நினைத்துக்கொண்டேன். புகுந்த வீட்டை விட்டுவிட்டு வந்த மகளை உள்ளே வைத்துக்கொண்டு, அவளுக்குத் தெரியாமல் பால்கனியில் போய் உங்களோடு ஆடுகிறேனே, இது அவளுக்குச் செய்கிற துரோகம் இல்லையா என்று நெஞ்சு குறுகுறுக்கும். ஆனாலும் விட முடியவில்லை மாப்பிள்ளை. உலகத்தில் என்னை மாமா என்று கூப்பிட அந்த ஒரு மஞ்சள் கட்டம்தான் மிச்சம் இருந்தது.

ஆட்டம் போனதும் செல்போன் ரிப்பேர் கடைக்கு ஓடினேன். கடைக்காரர் நல்ல மனிதர், நான் சொன்னதை முழுக்கக் கேட்டார். ஆனால் பழைய ஆட்டம் பழையபடி வர வேண்டுமானால் பாஸ்வேர்டு வேண்டும் என்றார். அதைப் போட்டது நீங்கள், எனக்கு எங்கே தெரியும்? புதுசாகத்தான் இறக்க முடியும் என்றார். அதற்கும் இடம் வேண்டுமே என்று உங்கள் அத்தையின் மீன் ஆட்டத்தை அங்கேயே எடுக்கச் சொல்லிவிட்டேன். புது ஆட்டம் வந்தது. மஞ்சள் கட்டமும் அதேதான். தொட்டால் எதிரில் யாரோ முகம் தெரியாத ஒருவர் வந்து உட்கார்ந்து, வந்ததும் வராததுமாக ஆறு போட்டு, எனக்குக் கண்ணடிக்கிற முகம் ஒன்றை அனுப்பினார். நல்ல மனிதராகத்தான் இருப்பார். எனக்குத்தான் என்னவோ போலாகி, அதையும் நீக்கிவிட்டு வந்தேன். வீட்டில் உங்கள் அத்தை, "நாலு மீனையாவது விட்டு வச்சிருக்கக் கூடாதா" என்று கேட்டுவிட்டு, இரண்டு நாளாக என்னோடு தேவைக்கு மட்டும் பேசுகிறாள். மகளும் அன்றிலிருந்து முகம் வாடித்தான் இருக்கிறாள், வேலையிடத்தில் ஏதோ தொல்லை போலிருக்கிறது. ஆக, நான் உயிரோடு இருப்பது ஆபீசுக்குத் தெரிந்துவிட்டது. தெரிய வேண்டிய உங்களுக்குத்தான் தெரியாமல் போய்விட்டது.

என்னை மன்னித்துக்கொள்ளுங்கள். அந்த ஆட்டத்தை நீங்களே ஜெயித்ததாக வைத்துக்கொள்ளுங்கள், உங்களுக்கு ஒன்று விழுந்துவிட்டது என்று நானே எழுதிக் கொடுக்கிறேன். முடிந்தால் எப்போதாவது ஒரு வரி எழுதிப் போடுங்கள். முடியாவிட்டாலும் குற்றமில்லை. உங்கள் அம்மாவுக்கு முழங்கால் வலி எப்படி இருக்கிறது? நான் விசாரித்ததாகச் சொன்னால் சங்கடப்படுவார்கள், ஆகவே மனதுக்குள்ளேயே விசாரித்துக்கொள்கிறேன். எங்கே இருந்தாலும் குறையில்லாமல் இருக்க உங்களுக்கு என் ஆசிகள். ஆசி கொடுக்க எந்த உறவும் பாக்கி இருக்க வேண்டியதில்லை, வயது போதும்.

இப்படிக்கு,
ஆட்டத்தில் இன்னும் இருக்கும்
மாமா

பி.கு.: உறையை ஒட்டப் பசை தேடி மகளின் அறைக்குப் போனேன். யாருக்கு லெட்டர் என்று கேட்டாள். எனக்குப் பொய் சொல்ல வராது, நின்ற இடத்திலேயே காகிதத்தை நீட்டிவிட்டேன். வாசித்தாள். கத்துவாள் என்று நினைத்தேன், கத்தவில்லை. கட்டிலில் உட்கார்ந்துவிட்டாள்.

"அவர் அதை எப்பவோ விட்டுட்டாருப்பா. வீட்டைக் காலி பண்ணும்போதே அந்த டேப்லெட்டு வேணாம்னுட்டாரு, என் பெட்டியோட வந்துருச்சு. உங்க முறை, உங்க முறைன்னு அது சொல்லிக்கிட்டே இருந்துச்சு. நீங்க காத்துக்கிட்டு இருப்பீங்களேன்னு நான்தான் உருட்டினேன்."

இத்தனை நாளுமா என்று கேட்டேன். தலையை மட்டும் ஆட்டினாள். "வெளியேறிட்டார்னு வந்ததும், உங்களுக்குத் தெரிஞ்சுபோச்சு, கோவத்துல எடுத்துட்டீங்கன்னு நெனச்சேன்" என்றாள். நான் பால்கனியில் அவளுக்கு ஒளிந்து ஆடியிருக்கிறேன், அவள் கதவைச் சாத்திக்கொண்டு எனக்கு ஒளிந்து ஆடியிருக்கிறாள், நடுவில் ஒரு செங்கல் சுவர். தன்னை விட்டுப் போனவரின் பெயரில் உட்கார்ந்து என்னைத் தேற்றிக்கொண்டிருந்திருக்கிறாள் பிள்ளை. அவளுக்கு ஒரு ஆறுதல் வார்த்தை இந்த வாயால் இன்றுவரை நான் சொன்னதில்லை. இப்போதும் வரவில்லை, பசையை வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

ஆகவே மாப்பிள்ளை, மேலே கேட்ட மன்னிப்பு உங்களுக்கு உரியது இல்லை. கடிதத்தையும் உங்களுக்கு அனுப்பப்போவதில்லை. அவள் வாசித்தது உங்களுக்கு எழுதியதாக நினைத்து வாசித்தது. இந்தக் கடைசிப் பக்கத்தையும் சேர்த்து அவள் தலையணைமேல் வைக்கப்போகிறேன். மாப்பிள்ளை என்று வருகிற இடத்திலெல்லாம் தன்னைப் போட்டு இன்னொரு தடவை படித்துக்கொள்வாள், கெட்டிக்காரி.