நூஹு மாஸ்டரின் அணு உலை

திரையில் பச்சைக் கோடு சிவப்பாக மாறியபோது நூஹு கல்முனையில் இல்லை.

உடம்பு இருந்தது. அவனுடைய அக்கா றபீக்கா ராத்தா வீட்டு மேல்மாடியில், 'கொம்பியூட்டர் வகுப்பு' என்று பெயிண்டால் எழுதிய பலகைக்குப் பின்னால், பிளாஸ்டிக் கதிரையில் அது பத்திரமாக உட்கார்ந்திருந்தது. மனிசன்தான் கடலுக்கு மேலே எங்கோ மிதந்துகொண்டிருந்தான். கடல் நடுவே ஒரு வெள்ளைக் கட்டடம். அதற்குள் அவனுடைய அணு உலை. அதிலிருந்து கிளம்பிய வெளிச்சம் மருதமுனையிலிருந்து பொத்துவில் வரைக்கும் கரை நெடுகப் பூத்துக் கிடந்தது. அந்த வெளிச்சத்துக்குள்ளே முன்வீட்டு ஹிமாயா முக்காட்டைச் சரிசெய்துகொண்டே அவனை நோக்கி நடந்து வந்தாள்.

அவள் வாயைத் திறந்து ஏதோ சொல்லப் போன அந்த நல்ல நேரத்தில், கூரையில் கட்டியிருந்த ஹோன் ஸ்பீக்கர் "ஊஊஊ" என்று அலறியது.

நூஹு பதறி விழுந்து கையில் அகப்பட்ட பொத்தானையெல்லாம் தட்டினான். சைரன் நின்றது. நின்றது சைரன் மட்டுமல்ல. கொம்பியூட்டர், மின்விசிறி, கீழே தேங்காய்ப்பால் அடித்துக்கொண்டிருந்த மெஷின், தெரு வெளிச்சம், எல்லாமே ஒன்றாக மூச்சடங்கின.

"கரண்ட் பெய்த்து!" கீழேயிருந்து ராத்தா கத்தினாள். "நம்மட வீட்டில மட்டுமில்லடா, ஊர் முழுக்கப் பெய்த்து!"

போனதுதான் போனது, ஒரு ஐந்து நிமிஷம் பொறுத்துப் போயிருக்கக் கூடாதா? ராத்தாவின் கணவர் முகைதீன்பாவா அப்போது முன்வீட்டில் இருந்தார். உம்மாவும் வாப்பாவும் இல்லாத நூஹுவுக்காக ஹிமாயாவைக் கேட்கப் போயிருந்தார். ஹிமாயாவின் வாப்பா அச்சிமுகம்மது ஹாஜியாருக்கு வரிப்பத்தான்சேனையில் வயல், ஊருக்குள் அரிசி ஆலை. தராசில் ஏற்ற முடியாத எந்தத் தொழிலையும் அவர் தொழிலாக எண்ணியதில்லை. அப்படிப்பட்டவரை இரண்டு மாதமாகக் கரைத்துக் கரைத்து, கடைசியில் சம்மதம் சொல்ல அவர் தொண்டையைச் செருமிய நொடியில்தான் வீடு இருண்டது.

"வாயத் திறக்கிறன், வெளக்கு அணையிது. நல்லதில்ல முகைதீன்பாவா" என்றார் ஹாஜியார் இருட்டுக்குள்ளிருந்து. "இன்னொரு நாளைக்குக் கதைப்பம்."

நூஹுவுக்கு இந்த அணு உலை எப்படி வந்தது என்று கேட்கலாம். வாங்கவில்லை, தானாக வந்தது. அவனுடைய மச்சான் முர்ஷித் கனடாவில் ஓர் அணு மின்நிலையத்தில் சாமான் களஞ்சியம் பார்க்கிறான். அவன்தான் ஒரு பிளொப்பி டிஸ்க்கை அனுப்பி, கூடவே ஒரு கசெட்டில் பேசியும் அனுப்பியிருந்தான்.

"மச்சான், இஞ்ச எல்லாம் மாறுது. முன்ன செவர் முழுக்க மீட்டர் முள்ளுதான். ஒவ்வொரு முள்ளாப் பாத்துப் பாத்து மனிசன்ட கண்ணு பழுத்திரும். இப்ப அதெல்லாம் களட்டிப்போட்டு கொம்பியூட்டர் வெக்கிறாங்க. ஒரு எடத்தில தட்டினா அடுத்த ஊரில லைட் எரியிது. எல்லாம் வயருக்குள்ளாலதான். இது ஆக்களப் பழக்குற டிஸ்க். பழகி வெச்சுக்க, ஒரு நாளைக்கு ஒதவும்."

நூஹு பழகினான். தண்ணீரைக் கூட்டுவான், சூட்டைக் குறைப்பான், கோட்டைப் பச்சையிலேயே வைத்திருப்பான். அவன் கனவு காணாத வரைக்கும் கோடும் ஒழுங்காகத்தான் நிற்கும். வகுப்புக்குப் பிள்ளைகளை இழுக்க வேண்டுமே என்று அவன் கூரையில் ஒரு ஹோனைக் கட்டி, கொம்பியூட்டரின் சத்தத்தை அதற்குள் விட்டிருந்தான். நவீன காலத்தின் ஓசையை ஊர் கேட்கட்டும் என்பது அவனுடைய எண்ணம். ஊரும் கேட்டது.

மறுநாள் அசர் தொழுகைக்குப் பிறகு அவன் கீழே தேத்தண்ணிக் கடைக்கு இறங்கினான். அங்கே வழக்கம்போல் கனகசபாபதி அண்ணன் இருந்தார். பாண்டிருப்புக்காரர். வகுப்புக்குப் பின்புறத்து வயலைத் தாண்டினால் கரண்ட் நிலையம். அதன் சுவிட்ச் அறைதான் அவருக்கு வேலை. முன்பெல்லாம் கண்ணைச் சுருக்கிச் சுருக்கியே பேசுவார். சிவப்புக்குப் போகிறதா என்று முள்ளைப் பார்த்துப் பார்த்து வந்த பழக்கம். இப்போது கண் அகலமாக, சுகமாக இருந்தது.

"அண்ணன், நேத்து ஏன் கரண்ட் போன?"

கனகசபாபதி அவனை ஒரு மாதிரிப் பார்த்துச் சிரித்தார். "ஓவர்லோட் மாஸ்டர். இப்ப எங்கட வேலையும் நவீனம்தானே. வெட்ட வேண்டிய நேரத்தில டக்கெண்டு வெட்டிருவம்."

"கொம்பியூட்டர் வரும் எண்டு மின்சாரசபைப் பெரிய கந்தோரால சொன்னாங்கதானே?"

"ஓம் ஓம். நீங்க சொன்னதும் மனசில இருக்கு. முள்ளு கிழவன் மாதிரி நடுங்கும், அத நம்பப்படாது, கொம்பியூட்டர் சொன்னாத்தான் வேலை. கனடாவிலயும் அதுதான் சட்டம். பொன்னான கதை மாஸ்டர்!"

தான் சொன்னதைத் திருப்பிக் கேட்க நூஹுவுக்கு உச்சி குளிர்ந்தது. ஓவர்லோட் என்றால் நம்முடைய பங்கும் அதில் இருக்கும் என்று நினைத்து, மேலே ஏறி மின்விசிறியைக் கழற்றினான். வகுப்பின் பல்பையும் கழற்றினான். பிள்ளைகள் வியர்த்து வழிந்தபடி ஜன்னல் வெளிச்சத்தில் தட்டச்சுப் படித்தார்கள்.

ஹாஜியாரும் மனமிறங்கினார். ஒரு ஞாயிற்றுக்கிழமை மஹ்ரிப் தொழுகைக்குப் பிறகு, ராத்தாவும் அயல்வீட்டு ஹாஜறா மாமியும் தொதல் இனிப்புத் தட்டும் வாழைப்பழக் குலையும் தூக்கிக்கொண்டு முன்வீட்டுக்குக் கலியாணம் பேசப் போனார்கள். மாப்பிள்ளை வரக் கூடாது என்றபடியால் நூஹு மேல்மாடியில் அணு உலைக்குக் காவல் இருந்தான்.

முன்வீட்டு ஜன்னல் திரை அசைந்தது. ஒரு விரல், ஒரு வளையல், அரைக் கண். அவ்வளவுதான் தெரிந்தது. அந்த அரைக் கண்ணை மீதிக் கண்ணோடும் முகத்தோடும் சேர்த்துப் பார்க்க நூஹு கடலுக்கு மேலே கிளம்பிவிட்டான். வெள்ளைக் கட்டடத்தின் படியில் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தார்கள். காலடியில் அலை வெளிச்சமாக வந்து வெளிச்சமாகப் போனது.

"ஊஊஊ!"

ஊர் இருண்டது.

முன்வீட்டில் ஹாஜறா மாமி தொதல் தட்டைக் கதிரையில் வைத்த அதே நேரம் அது. ஹாஜியார் புதிய வெள்ளைச் சாரம் உடுத்தபடி அதே கதிரையில் உட்கார்ந்தார். சுடச்சுடத் தொதல். ஹாஜியார் எழும்பிய வேகத்தில் கதிரையும் அவரோடு எழும்பியது என்று ராத்தா பிறகு அழுதுகொண்டே சொன்னாள். அழுகைக்கு நடுவில் சிரித்தும் தொலைத்தாள்.

"ரெண்டு தரம் பொறுத்துக்கிட்டன்" என்றாராம் ஹாஜியார். "கலியாணத்து அண்டும் கரண்ட் போனா, கரண்டோட மாப்புளையும் போகட்டும். சொல்லிப்போட்டன்."

அன்று ராத்தா மேலே ஏறி வந்து இடுப்பில் கைவைத்து நின்றாள். "தம்பி, மெய்யச் சொல்லு. இந்தப் பொட்டி கத்துற, ஒடனே கரண்ட் போற. இது ஒன்ட வேலயாடா?"

நூஹுவுக்கு மேல் முழுவதும் சிலிர்த்தது. வெறும் பயமல்ல, பெருமையும் பயமும் கலந்த ஒன்று. ஒரு எடத்தில தட்டினா அடுத்த ஊரில லைட் எரியிது. எல்லாம் வயருக்குள்ளாலதான். முர்ஷித் அனுப்பியது வெறும் பழக்குற டிஸ்க்தானா? பிளக்கின் வழியே, தூண் தூணாக, கம்பி கம்பியாக அவனுடைய உலை ஊரோடு கதைக்கிறதோ?

"ராத்தா" என்றான் மெதுவாக, "நான் உலைய விட்டுட்டா ஊரே இருட்டு."

"அல்லாஹ்வே! அப்ப அத மூடி வெய்டா, பைத்தியகாரா!"

மூடி வைத்தான். டிஸ்க்கை மேசை லாச்சிக்குள் போட்டுப் பூட்டினான். அந்தக் கிழமை சைரன் ஊதவில்லை, கரண்டும் போகவில்லை. ராத்தா நேர்த்திக்குக் கந்தூரிச் சோறு கொடுக்கலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தாள். வியாழக்கிழமை மாலை, கடைத்தெரு முழுக்க லைட் போட்டு, வீடு முழுக்க ஃபேன் போட்டு ஊர் சந்தோஷமாக இருந்த நேரத்தில், சந்தி டிரான்ஸ்போமர் டுமீரென்று வெடித்துப் புகைந்தது. வெள்ளி, சனி, ஞாயிறு, ஊர் முழுவதும் குப்பி விளக்கு.

"பாத்தியா ராத்தா?" என்றான் நூஹு. "நான் கைய எடுத்தன். கேக்க நாதியில்லாம அது வெடிச்சிட்டு."

ராத்தா இதைத் தெருவுக்குச் சொன்னாள். தெரு மற்றத் தெருவுக்குச் சொன்னது. புது டிரான்ஸ்போமர் வந்து, நூஹு திரும்பவும் உலையைத் திறந்த நாளிலிருந்து ஆட்கள் படியேறத் தொடங்கினார்கள். ஐஸ் கடை சரீபா வந்து, "மாஸ்டர், இண்டைக்கு நல்ல வெயில், கொஞ்சம் கூட்டி விடுங்க" என்றாள். பந்து மேட்ச் பார்க்க இருந்த வாலிபர்கள் ஆறு மணியிலிருந்து எட்டு மணி வரைக்கும் கோடு அசையக் கூடாது என்று கெஞ்சினார்கள்.

கடைசியில் ஹாஜியாரே ஏறி வந்தார். மூச்சு வாங்கத் திரையைப் பார்த்தார்.

"இதானா அது?"

"ஓம், மாமா."

"கலியாணத்து அண்டு இது பச்சையில நிக்குமா?"

"நான் பக்கத்தில இருந்தா நிக்கும்."

"மாப்புள கலியாண ஊட்டிலல்லவா இரிக்கணும்?"

ஹாஜியார் பெட்டியைத் தூக்கிப் பாரம் பார்த்தார்.

"அப்ப இதையும் கூட்டிக்கிட்டு வா" என்றார் ஹாஜியார்.

இப்படியொரு மாப்பிள்ளை ஊர்வலத்தை அந்தத் தெரு கண்டதில்லை. முன்னால் நூஹு, தலைப்பாகை, அத்தர், பூமாலை. பின்னால் முகைதீன்பாவா மொனிட்டரைக் குழந்தைபோல் அணைத்துக்கொண்டு வந்தார். அதற்குப் பின்னால் மற்றப் பெட்டி, ஜரிகைத் துணி போர்த்தியபடி. ஹோனை மட்டும் கூரையிலேயே விட்டிருந்தார்கள். பெண்கள் குரவை இட்டார்கள். பெட்டிக்கா மாப்பிள்ளைக்கா என்று கேட்க யாருக்கும் நேரமில்லை.

ஹாஜியார் பணம் பார்க்கவில்லை. வீட்டு முகப்பிலும் மதிலிலும் மாமரத்திலும் கலர் பல்புகள் மினுங்கின. கலியாண மாதமாகையால் பக்கத்துத் தெருக்களிலும் அப்படித்தான். நூஹு கதிரையில் உட்கார்ந்து உலையை ஓட்டத் தொடங்கினான். தண்ணீரைக் கூட்டினான், சூட்டைக் குறைத்தான். கனவு வந்து கதவைத் தட்டியபோதெல்லாம் உதட்டைக் கடித்துத் துரத்தினான். வாழ்க்கையிலேயே முதல் தடவையாக அவன் ஒரு மணித்தியாலம் முழுதாகக் கல்முனையில் இருந்தான்.

ராத்தா உள்ளேயிருந்து வந்து காதில் சொன்னாள். "ஹிமாயா கேக்கிறா, அந்தப் பொட்டிய ஒருக்கா விட்டுட்டு இந்தப் பக்கம் பாக்க ஏலாதாமா எண்டு."

நூஹுவுக்கு நெஞ்சு உருகியது. பார்க்க எவ்வளவு ஆசை! "ஏலா ராத்தா" என்றான் கண் கலங்கி. "அவட்டச் சொல்லுங்க, அவவுக்காகத்தான் பாக்காம இரிக்கன் எண்டு."

மௌலவி வந்தமர்ந்தார். "மாப்புள, கைய நீட்டுங்க. மாமனார்ட கையப் பிடிக்கணும்."

நூஹு வலது கையை நீட்டினான். இடது கை பொத்தான்களின் மேலேயே இருந்தது. மௌலவி அதைப் பார்த்தார், ஹாஜியாரைப் பார்த்தார்.

"அந்தக் கைய விடுங்க மௌலவி" என்றார் ஹாஜியார் அவசரமாக. "அது கரண்டுக்கு."

அந்த நேரம் விளக்குகள் மெல்ல மங்கின. அணையவில்லை. முற்றத்து வெள்ளைப் பல்பெல்லாம் தேன் நிறமாகி, தேன் மெதுவாகச் சிவந்து, ஆட்களின் முகமெல்லாம் கனவில் காணும் முகமாகிப் போனது. மின்விசிறிகள் தூக்கக் கலக்கத்தில் சுற்றின. கடல் சத்தம் முற்றத்துக்குள்ளேயே கேட்டது. "மாஷா அல்லாஹ், என்ன வடிவு!" என்றாள் ஹாஜறா மாமி. மாப்பிள்ளை வேண்டுமென்றுதான் வெளிச்சத்தை இப்படி இளக்கிவிட்டிருக்கிறான் என்று எல்லோரும் நினைத்தார்கள். நூஹுவும் கிட்டத்தட்ட அப்படித்தான் நினைத்தான். கோடு பச்சையிலேயே நின்றது.

"என் மகளை உமக்கு நிக்காஹ் செய்து தந்தேன்" என்றார் ஹாஜியார்.

"ஏற்றுக்கொண்டேன்" என்றான் நூஹு, திரையிலிருந்து கண்ணெடுக்காமல்.

உள்ளே குரவை எழும்பியது. ஹாஜியார் அவனைக் கட்டிப்பிடித்தார். அவருக்கும் கண் நனைந்திருந்தது. "நான்தான் வாப்பா பிழை. அரிசியும் நெல்லும்தான் தொழில் எண்டு நெனச்சன். ஊருக்கே வெளிச்சம் குடுக்கிற புள்ள நீ!"

அப்போது வெளியே வாசல் கடப்பைத் தள்ளிக்கொண்டு ஒரு சைக்கிள் உள்ளே விழுந்தது. சைக்கிளோடு கனகசபாபதி அண்ணனும் விழுந்தார். எழும்பி, சேட்டெல்லாம் வியர்வையில் நனைய, வகுப்பு இருந்த பக்கத்தைக் கையால் காட்டிக்கொண்டு ஓடி வந்தார்.

"வாங்க அண்ணன், இரிங்க, சாப்பிடுங்க" என்றார் ஹாஜியார்.

"சாப்பாடு கிடக்கட்டும் ஹாஜியார்!" கனகசபாபதிக்கு மூச்சு இரைத்தது. அவர் நூஹுவின் கையைப் பிடித்துக்கொண்டார். "மாஸ்டர், முள்ளு சிவப்பத் தாண்டி அரை மணித்தியாலம், டிரான்ஸ்போமர் கொதிக்குது, நானும் ஜன்னலால காத நீட்டிக்கொண்டே நிக்கிறன். ஓடிப்போய் ஒங்கட சைரன ஒருக்கா ஊதி விடுங்கோ, அது சொன்னாத்தானே நான் வழக்கம்போல கரண்ட வெட்டலாம்!"